லத்தீன் தெரியாம ரோமானியக் காதல் கவிதை படிக்கறது பத்தி

நீங்க கேட்டது இதுதான்: லத்தீன்ல ஒரு வார்த்தை கூட தெரியாது, ஆனா கட்டுல்லஸ், ஓவிட் எல்லாம் படிக்கணும்னு ஆசை, இப்போ வர்ற இங்கிலீஷ் மொழிபெயர்ப்புல படிச்சா அது அந்தக் கவிதையைப் படிச்சதா ஆகுமா, இல்ல வேற யாரோ எழுதின இங்கிலீஷ் கவிதையைப் படிச்சதாதான் ஆகுமா, எங்கேருந்து ஆரம்பிக்கறது. நல்ல கேள்வி. இதுக்கு ரெண்டு வரில பதில் சொல்ல முடியாது, அதனால கொஞ்சம் நீளமா எழுதறேன், பொறுமையா படிங்க.

முதல்லயே சொல்லிடறேன், கண்டிப்பா படிக்கலாம். ஆனா ஒரே ஒரு மொழிபெயர்ப்பை மட்டும் வச்சுக்கிட்டு படிக்காதீங்க. ரெண்டு வேணும், அதுல ஒண்ணாவது எதிர்ப்பக்கத்துல லத்தீனும் அச்சடிச்சதா இருக்கணும், உங்களுக்குப் புரியலைன்னாலும் பரவால்ல. இன்னொண்ணு, நீங்க தமிழ் தெரிஞ்சவர். அது இந்த விஷயத்துல எவ்வளவு பெரிய உதவின்னு எனக்கே ரொம்ப வருஷம் கழிச்சுத்தான் புரிஞ்சது. இங்கிலீஷ்ல வழுக்கிட்டுப் போற நிறைய இடம் தமிழ்ல நேரா வந்து உக்காரும். ஏன்னு போகப்போகத் தெரியும்.

நான் முதல்ல படிச்சது காலேஜ் லைப்ரரில இருந்த ஒரு பழைய பதிப்பு. "தௌ", "தீ", "ஹாத்"னு பைபிள் இங்கிலீஷ்ல இருக்கும், ஒவ்வொரு வரிலயும் எதுகை இழுத்து வச்சிருப்பாங்க. ஒரு இருபது வயசுப் பையன் கோவத்துலயும் ஏக்கத்துலயும் எழுதினதுன்னு அதுல துளிகூடத் தெரியாது. மூடி வச்சுட்டேன், அஞ்சாறு வருஷம் தொடவே இல்ல. அப்புறம் பழைய புத்தகக் கடைல கை லீங்கறவர் மொழிபெயர்த்த கட்டுல்லஸ் கெடச்சுது, இடது பக்கம் லத்தீன், வலது பக்கம் இங்கிலீஷ், வரிக்கு வரி. அன்னிக்கு ராத்திரி தூங்கல. அதுக்கப்புறம்தான் சொந்தமா கொஞ்சம் கொஞ்சமா லத்தீன் கத்துக்க ஆரம்பிச்சேன், இன்னும் அகராதி பக்கத்துல இல்லாம படிக்க மாட்டேன், அதனால மொழிபெயர்ப்பு வழியா வர்றவங்களோட நிலைமை எனக்கு நல்லாவே தெரியும்.

சரி, நேரா ஒரு கவிதைக்குப் போயிடலாம். கட்டுல்லஸ் வெரோனாக்காரர், ஏறக்குறைய கி.மு. 84-லேருந்து 54 வரைக்கும் இருந்தவர்னு சொல்றாங்க, முப்பது வயசுலயே போயிட்டார். அவரோட 85-ஆவது கவிதை ரெண்டே ரெண்டு வரி:

ஓடி எத் ஆமோ. குவாரே இத் ஃபாகியாம், ஃபோர்தாஸ்ஸே ரெகுவீரிஸ்.
நெஸ்கியோ, செத் ஃபியேரி சென்தியோ எத் எக்ஸ்க்ரூகியோர்.

மொத்தம் 14 வார்த்தை. அதுல 8 வினைச்சொல். பெயர்ச்சொல் ஒண்ணு கூட கெடையாது, அடைமொழி கெடையாது. பொண்ணோட பேர் இல்ல, கண்ணு மூக்கு வர்ணனை இல்ல, நிலா இல்ல. வெறும் வினை, வினை, வினை. இதை இங்கிலீஷ்ல கொண்டுவரணும்னா முக்கால்வாசி வினைக்கு முன்னாடி ஒரு "ஐ" போட்டாகணும், ஐ ஹேட், ஐ லவ், ஐ டோன்ட் நோ, ஐ ஃபீல்னு "ஐ"யா கொட்டும், கவிதை முழுக்க ஒருத்தன் தன் நெஞ்சைத் தட்டிக்கிட்டே பேசற மாதிரி ஆயிடும். லத்தீன்ல அப்படி இல்ல, "நான்"ங்கறது வினையோட வால்லயே ஒட்டிக்கிட்டு இருக்கு. இதைத்தான் சொன்னேன், தமிழ்லயும் அப்படித்தானே? வெறுக்கறேன், காதலிக்கறேன், தெரியலன்னு சொன்னா போதும், "நான்" தனியா வரத் தேவையில்ல. இங்கிலீஷைப் படிச்சுட்டு மனசுக்குள்ள தமிழ்ல ஒரு தடவ சொல்லிப் பாருங்க, லத்தீனோட இறுக்கம் கொஞ்சம் திரும்பி வரும்.

இன்னும் உள்ள போனா, இதோட உயிர் எங்க இருக்குன்னா முதல் வரில இருக்கற "ஃபாகியாம்"க்கும் ரெண்டாவது வரில இருக்கற "ஃபியேரி"க்கும் நடுவுல. முதல்ல "ஏன் இப்படிச் செய்யறேன்னு கேப்பே" அப்படின்னு வருது, செய்யறேன், அதாவது நான் செய்யற காரியம். அடுத்த வரில "தெரியல, ஆனா அப்படி நடக்குது, அது தெரியுது" அப்படின்னு வருது, இப்போ நான் செய்யல, எனக்கு நடக்குது. ஒரே வினையோட செய்வினையும் செயப்பாட்டுவினையும். ரெண்டு வரிக்குள்ள ஒரு மனுஷன் தன் காதலோட எஜமான் ஸ்தானத்துலேருந்து கீழ விழறான். கடைசி வார்த்தை "எக்ஸ்க்ரூகியோர்", சித்ரவதைப் படறேன், அதுக்குள்ள "க்ருக்ஸ்"னு சிலுவை ஒளிஞ்சிருக்கு, ரோம்ல அடிமைகளை அறையற மரம். இப்போ கைல ரெண்டு மொழிபெயர்ப்பு இருந்தா என்ன நடக்கும்னா, ஒருத்தர் அந்தச் செய்யறேன்/நடக்குது வித்தியாசத்தைப் பிடிச்சு வச்சிருப்பார், இன்னொருத்தர் அதை விட்டுட்டு கடைசி வார்த்தைல சிலுவையைக் காட்டியிருப்பார். ரெண்டையும் பக்கத்துல வச்சா எந்த இடத்துல அவங்க முட்டிக்கறாங்களோ அந்த இடத்துலதான் அசல் கவிதை துடிக்குதுன்னு அர்த்தம். லத்தீன் தெரியாதவங்களுக்கு இதைவிட நல்ல வழி எனக்குத் தெரியல.

மொழிபெயர்ப்புல படிச்சா அசலாகுமான்னு கேட்டீங்கல்ல, அதுக்கு ரொம்பப் பொருத்தமான ஒரு விஷயம் இருக்கு. கட்டுல்லஸோட 51-ஆவது கவிதை, அவர் தன் காதலி லெஸ்பியாவைப் பாத்த முதல் மயக்கத்துல எழுதினதுன்னு பலரும் நினைக்கறது, அதுவே ஒரு மொழிபெயர்ப்பு. கிரேக்கத்துல சாஃபோங்கற பெண் கவிஞர் எழுதின பாட்டு, உனக்கு எதிர உக்காந்து உன் சிரிப்பைக் கேக்கற அந்த ஆள் கடவுளுக்குச் சமானம்னு ஆரம்பிக்கும், பேச்சு வராது, நாக்கு மரத்துடும், தோலுக்கடில தீ ஓடும், காது ரீங்கரிக்கும். கட்டுல்லஸ் அதை லத்தீன்ல கொண்டு வந்தார், சாஃபோவோட அதே சந்தத்துல. ஆனா நடுவுல சாஃபோ பாட்டுல இல்லாத ஒரு பேரைச் செருகினார்: லெஸ்பியா. சாஃபோ பிறந்த தீவு லெஸ்போஸ், அந்தப் பேரையே தன் காதலிக்கு வச்சுட்டார். வேலைவெட்டி இல்லாததுதான் உனக்குக் கேடு, கட்டுல்லஸ்னு கடைசில தன்னைத்தானே திட்டிக்கற ஒரு பத்தியும் சேர்த்தார், அதுவும் சாஃபோகிட்ட இருந்ததாத் தெரியல. ரோமானியக் காதல் கவிதையோட ஆரம்பத்துலயே ஒரு மொழிபெயர்ப்பாளர் அசலுக்குள்ள பூந்து தன் காதலியை உக்கார வச்சிருக்கார்னா, நீங்க இங்கிலீஷ் வழியா படிக்கறதுல கூச்சப்பட ஒண்ணுமே இல்ல.

அந்த லெஸ்பியா யாருன்னும் கேப்பீங்க. கிட்டத்தட்ட இருநூறு வருஷம் கழிச்சு அப்புலேயஸ்னு ஒரு எழுத்தாளர் அவளோட நிஜப் பேர் க்ளோடியான்னு எழுதி வச்சார். மெட்டெல்லஸ் கெலெர்ங்கற பெரிய ஆளோட மனைவி க்ளோடியாதான் அதுன்னு பெரும்பாலானவங்க நம்பறாங்க, கி.மு. 56-ல ஒரு வழக்குல பெரிய பேச்சாளர் சிசரோ கோர்ட்ல நின்னு நாறடிச்ச அதே பொம்பளை. ஆனா சிசரோ பேசினது எதிர்த்தரப்பு வக்கீலா, கட்டுல்லஸ் பேசினது நொந்து போன காதலனா, அவ பக்கத்துலேருந்து ஒரு வரி கூட நமக்குக் கெடைக்கல. படிக்கும்போது இதை மறக்காதீங்க.

இப்போ தமிழ் எங்க உதவும்னு சொல்றேன். 5-ஆவது கவிதை எல்லாருக்கும் தெரிஞ்சது, வாழ்வோம் லெஸ்பியா, காதலிப்போம், ஆயிரம் முத்தம் குடு, அப்புறம் நூறு, இன்னொரு ஆயிரம், ரெண்டாவது நூறுன்னு எண்ணிக்கிட்டே போகும். அதோட மூணாவது வரில கிழவனுங்க பேசற வம்பையெல்லாம் ஒரு "ஆஸ்"க்கு மதிப்போம்னு வரும். ஆஸ்ங்கறது அவங்க ஊர் செப்புக்காசு. இங்கிலீஷ்ல ஒருத்தர் பென்னிம்பார், இன்னொருத்தர் சென்ட்ம்பார், எதைச் சொன்னாலும் கொஞ்சம் செயற்கையா இருக்கும். நம்ம ஊர்ல காலணாவுக்கு மதிக்க மாட்டேன்னு சொல்றோமே, அச்சு அசல் அதேதான். சூரியன் மறைஞ்சு திரும்ப வரலாம், நம்ம சின்ன வெளிச்சம் ஒரு தடவ மறைஞ்சா அப்புறம் ஒரே முடிவில்லாத ராத்திரி, அதைத் தூங்கியே ஆகணும். அந்த "ஆகணும்" லத்தீன்ல ஒரே வார்த்தைல இருக்கு, "தோர்மியேந்தா", இங்கிலீஷ்ல அதுக்கு டு பி ஸ்லெப்ட், மஸ்ட் பி ஸ்லெப்ட்னு சுத்தி வளைக்கணும். "லுக்ஸ்"னு வெளிச்சம் ஒரு வரியோட கடைசி வார்த்தை, "நொக்ஸ்"னு ராத்திரி அடுத்த வரியோட முதல் வார்த்தை, ரெண்டும் ஒத்தை அசை. வெளிச்சம் அணைஞ்ச அடுத்த நொடி இருட்டு. எதிர்ப்பக்க லத்தீன்ல இதை லத்தீன் தெரியாமலே கண்ணால பாக்கலாம், இதுக்குத்தான் ரெண்டு மொழிப் பதிப்பு வாங்கச் சொல்றேன்.

அதே கவிதையோட முடிவு. இத்தனை ஆயிரம் முத்தம் ஆனப்புறம் கணக்கைக் கலைச்சுடுவோம், நமக்கே எவ்வளவுன்னு தெரியக்கூடாது, எத்தனை முத்தம்னு எண்ணிக்கை தெரிஞ்சா பொறாமைக்காரன் எவனாவது கண்ணு வச்சுடுவான். கணக்கைக் கலைக்கறதுக்கு அவர் போடற வார்த்தை திவாலானவனைப் பத்திப் பேசும்போது ரோம்ல பொழங்கற வார்த்தை. கண்ணு வைக்கறதுங்கறது "இன்விதேரே". இங்கிலீஷ்காரங்களுக்கு இதுக்கு அடிக்குறிப்பு போட்டாகணும், எண்ணிக்கை தெரிஞ்சா திருஷ்டி வைக்க முடியும்னு ஒரு நம்பிக்கை இருந்ததுன்னு அரைப் பக்கம் விளக்குவாங்க. நமக்கு எதுக்கு விளக்கம்? சாப்பிடற குழந்தையோட இட்லியை எண்ணாதேன்னு பாட்டி சொன்ன வீட்டுலேருந்துதானே வர்றோம். மொழிபெயர்ப்புல "என்வி"னு மட்டும் இருந்தாலும் நீங்க அதுக்குப் பின்னாடி இருக்கற கண்ணைப் பாத்துடுவீங்க.

இன்னும் ரெண்டு இடம். 70-ஆவது கவிதை, உன்னைத்தவிர யாரையும் கட்டிக்க மாட்டேன், கடவுள்களோட ராஜா ஜூபிடரே வந்து கேட்டாலும் மாட்டேன்னு அவ சொல்றா, ஆனா தவிச்சுக்கிட்டிருக்கற காதலன்கிட்ட ஒரு பொண்ணு சொல்றதைக் காத்துலயும் ஓடற தண்ணிலயும்தான் எழுதி வைக்கணும். நீர்மேல் எழுத்து! தமிழ்ல பொறந்தவனுக்கு இதுக்கு மேல என்ன வேணும். 72-ஆவது கவிதை இதைவிட ஆச்சரியம், உன்னை நான் ஊர்ல எல்லாரும் காதலியை நேசிக்கற மாதிரி நேசிக்கல, ஒரு அப்பன் தன் பிள்ளைகளையும் மருமகன்களையும் நேசிக்கற மாதிரி நேசிச்சேன்னு சொல்றார். இங்கிலீஷ்ல சன்-இன்-லா வர்ற இடத்துல நிறைய பேருக்குத் திக்குன்னு இருக்கும், காதல் கவிதைல மருமகன் எங்கேருந்து வந்தான்னு. ஆனா அவர் தேடறது உடம்பு ஆசைக்கு அப்பாற்பட்ட ஒரு பந்தத்துக்கான வார்த்தை, அது லத்தீன்ல கெடையாது, அதனால குடும்பத்துக்குள்ள போய் எடுத்துட்டு வர்றார். மருமகன்னா வீட்டுக்கு எப்பேர்ப்பட்ட ஆள்னு தெரிஞ்ச நமக்கு அந்த வரி இடறாது. கவிதை முடியறப்போ, நீ செஞ்ச துரோகத்தால ஆசை கூடுது, ஆனா உன் நல்லதை நினைக்கற மனசு குறையுதுன்னு வரும். அந்த ரெண்டையும் பிரிச்சுப் பாத்த வேற காதல் கவிதை நான் அதிகம் படிச்சதில்ல.

தமிழாலயும் முடியாத இடம் உண்டு, அதையும் சொல்லிடறேன். லத்தீன்ல அடைமொழிக்கும் வேற்றுமை உருபு உண்டு, அதனால அடைமொழியை ஒரு மூலைல வச்சுட்டுப் பெயரை இன்னொரு மூலைல வைக்கலாம். ஹோரஸ்ங்கற இன்னொரு ரோமானியக் கவிஞரோட ஒரு பாட்டு பிர்ரான்னு ஒரு பொண்ணைப் பாத்துக் கேக்கறது, முதல் வரி "குயிஸ் முல்தா கிராகிலிஸ் தே புவேர் இன் ரோசா". வார்த்தை வார்த்தையா வச்சா: எந்த, நிறைய, ஒல்லியான, உன்னை, பையன், ரோஜாவில். நிறைய-ரோஜா வெளில ரெண்டு பக்கமும், அதுக்கு உள்ள ஒல்லியான-பையன் ரெண்டு பக்கமும், நட்ட நடுவுல "உன்னை". ரோஜாக் குவியலுக்குள்ள அந்தப் பையன் அவளைக் கட்டிப்பிடிச்சிருக்கான், அந்தப் படத்தை வார்த்தையோட வரிசையே வரைஞ்சிடுது. மில்டன்லேருந்து எத்தனையோ பேர் இங்கிலீஷ்ல இதை முயற்சி பண்ணிட்டாங்க, யாராலயும் அந்த வரிசையைக் கொண்டுவர முடியல, முடியவும் முடியாது. இது தோல்வின்னு நான் நினைக்கல, அந்தப் பக்கத்துல லத்தீனைக் கண்ணால பாத்துட்டு இங்கிலீஷைப் படிச்சா போதும்.

கெட்ட வார்த்தை விஷயம். கட்டுல்லஸ் பச்சையா எழுதுவார், முத்தக் கவிதை எழுதின அதே கை. பழைய இங்கிலீஷ் பதிப்புகள்ல இதையெல்லாம் வெட்டிட்டாங்க, இல்லன்னா பூசி மெழுகிட்டாங்க. 1961-ல ஆக்ஸ்ஃபோர்டுல வந்த ஃபோர்டைஸோட விளக்கவுரை பெரிய படிப்பாளியோட புத்தகம், அதுலயே 32 கவிதையைச் சேக்கவே இல்ல. 16-ஆவது கவிதையோட முதல் வரியை ரொம்ப காலம் மொழிபெயர்க்காமலே விட்டு வச்சிருந்தாங்க. அதனால "நவீன" மொழிபெயர்ப்புதான் வேணும்னு நீங்க கேக்கறது சரிதான், 1960-களுக்கு அப்புறம் வந்ததுல இதெல்லாம் முழுசா இருக்கு. ஏன் இது முக்கியம்னா, முத்தத்தை எண்ணிக்கிட்டிருந்த ஆளுக்கு அந்த வாயும் உண்டுன்னு தெரிஞ்சாத்தான் அந்த மென்மையோட விலை தெரியும். யுவென்டியஸ்னு ஒரு பையனைப் பத்தி அவர் எழுதின முத்தக் கவிதைகளும் இப்போதான் ஒளிவுமறைவு இல்லாம வருது.

ஒரு சின்ன விஷயம், இந்தக் கவிதையெல்லாம் நம்ம கைக்கு வந்ததே பெரும் பாடு. 1300-ஐ ஒட்டி வெரோனால ஒரே ஒரு கையெழுத்துப் பிரதி வெளில வந்தது, அதுவும் அப்புறம் தொலைஞ்சுபோச்சு, அதுலேருந்து எடுத்த நகல்தான் இன்னிக்கு நாம படிக்கறது. பிழை மலிஞ்ச பிரதி, அதனால பதிப்பாசிரியருக்குப் பதிப்பாசிரியர் பாடம் மாறும். ரெண்டு மொழிபெயர்ப்பு ஒரே வரிக்கு வேற வேற அர்த்தம் சொன்னா எப்பவும் மொழிபெயர்ப்பாளர் தப்புன்னு நினைக்காதீங்க, அவங்க வச்சிருந்த லத்தீனே வேறயா இருந்திருக்கலாம்.

ஓவிட்டுக்கு வரலாம். கி.மு. 43-ல சுல்மோல பொறந்தவர், கட்டுல்லஸ் மாதிரி நெஞ்சு வெடிக்கற ஆள் இல்ல, விளையாட்டுக்காரர், ரொம்ப ரொம்பக் கெட்டிக்காரர். "அமோரெஸ்"னு மூணு புத்தகம் காதல் கவிதை. இவர் எழுதற ஈரடில முதல் வரிக்கு ஆறு சீர், ரெண்டாவது வரிக்கு அஞ்சு. நமக்குக் குறள்ல நாலு சீர், மூணு சீர் இருக்கே, கிட்டத்தட்ட அந்த உணர்வுதான், முதல் வரி எழும்பும், ரெண்டாவது வரி சட்டுனு அடங்கி வெட்டும். ஆறுல எழும்பி அஞ்சுல அடங்கட்டும்னு அவரே சொல்றார். முதல் கவிதைலயே, நான் போர்க் காவியம் எழுதத்தான் உக்காந்தேன், மன்மதன் சிரிச்சுக்கிட்டே ரெண்டாவது வரிலேருந்து ஒரு சீரைத் திருடிட்டான், அதனால காதல் கவிதை ஆயிடுச்சும்பார். இங்கிலீஷ்ல நீளவரி-குட்டைவரின்னு மாத்தி மாத்தி அடுக்கின மொழிபெயர்ப்பா பாத்து எடுங்க, பீட்டர் க்ரீன் 1982-ல பெங்குவின் பதிப்பகத்துக்குப் பண்ணினது அப்படித்தான் இருக்கும், குறிப்புகளும் தாராளமா இருக்கும். கை லீ பண்ணின அமோரெஸ் இன்னும் சுருக்கம், கூர்மை.

எதுகை எப்படி ஒரு மொழிபெயர்ப்பைத் திசை திருப்பும்னு பாக்கணும்னா முதல் புத்தகத்தோட அஞ்சாவது கவிதையை எடுத்துக்குங்க. மதியம், வெக்கை, ஜன்னல் கதவு பாதி சாத்தியிருக்கு, அரைவெளிச்சம், அவரோட காதலி கொரின்னா வர்றா. கடைசில ஓவிட் சொல்றது: மிச்சம் யாருக்குத் தெரியாது? களைச்சுப்போய் ரெண்டு பேரும் படுத்திருந்தோம். எனக்கு இந்த மாதிரி மத்தியானங்கள் அடிக்கடி வாய்க்கட்டும். அவ்வளவுதான். 1590-கள்ல இங்கிலீஷ் நாடகாசிரியர் மார்லோ இதை இங்கிலீஷ்ல பண்ணினார், "பீயிங் டயர்ட் ஷி பேட் மி கிஸ்"னு எழுதினார், அதாவது களைச்சுப்போய் அவ என்னை முத்தம் குடுக்கச் சொன்னாளாம், ஏன்னா அடுத்த வரி "திஸ்"னு முடியுது, அதுக்கு எதுகை வேணும். லத்தீன்ல அந்த இடத்துல முத்தமே கெடையாது, ரெண்டு பேர் சும்மா படுத்திருக்கற அமைதிதான் இருக்கு. இருந்தாலும் மார்லோ பெரிய கவி, அந்த வரிகள் இனிக்கத்தான் செய்யும், 1599-ல பிஷப்புகள் உத்தரவு போட்டு அந்தப் புத்தகத்தை எரிச்சாங்க. ஆனா ஓவிட் என்ன சொன்னார்னு தெரிஞ்சுக்க நவீன மொழிபெயர்ப்புதான் வேணும்.

ஓவிட்டைப் படிக்கும்போது கண்ணைத் திறந்து வச்சுக்கிட்டுப் படிங்க. ஒரு கவிதைல பூட்டின கதவுக்கு வெளில நின்னு வாசல்காவலன்கிட்ட கெஞ்சறார். அந்தக் காவலன் சங்கிலியால கட்டிப்போட்ட அடிமை, முதல் வரிலயே அது வருது. தன்னைக் காதலோட அடிமைன்னு சொல்லிக்கறவன் நிஜ அடிமைகிட்ட கெஞ்சறான். "மிஸ்ட்ரஸ்"னு இங்கிலீஷ்ல வர்ற வார்த்தை லத்தீன்ல பல இடத்துல "தோமினா", அடிமைகளோட எஜமானியைச் சொல்ற வார்த்தை. மொழிபெயர்ப்புல வாட்ச்மேன் மாதிரி ஒரு சாதாரணச் சொல்லைப் போட்டுட்டா இந்த உறுத்தல் போயிடும். இன்னொரு இடத்துல காதலியை அடிச்சுட்டு அழறார், கடைசில உன் தலைமுடியையாவது சரி பண்ணிக்கோ, நான் செஞ்சதோட அடையாளம் தெரியாம இருக்கட்டும்கறார். ரெண்டாவது புத்தகத்துல அடுத்தடுத்து ரெண்டு கவிதை, முதல்ல கொரின்னாகிட்ட உன் தலை வாரிவிடற கிபாஸிஸை நான் தொடவே இல்லன்னு சத்தியம் பண்றார், பக்கத்தைத் திருப்பினா அந்த கிபாஸிஸ்கிட்டயே, அவளுக்கு எப்படித் தெரிஞ்சுது, இன்னிக்கும் வா, வரலைன்னா நானே சொல்லிடுவேன்னு மிரட்டறார். அவ அடிமை, முடியாதுன்னு சொல்ல அவளுக்கு வழியே இல்ல. பழைய மொழிபெயர்ப்புகள்ல இது குறும்பு மாதிரி ஓடிடும், இப்போ வர்றதுல அந்த மிரட்டல் மிரட்டலாவே கேக்குது. நான் இந்த ரெண்டையும் சேர்த்து அடுத்தடுத்துப் படிக்கச் சொல்வேன், ஒண்ணை மட்டும் படிச்சா ஓவிட் செய்யறது பிடிபடாது. கி.பி. 8-ல பேரரசர் அகஸ்டஸ் அவரைக் கருங்கடல் ஓரத்துல தோமிஸுக்கு நாடு கடத்தினார், இன்னிக்கு ருமேனியால இருக்கற கான்ஸ்டான்சா. ஒரு கவிதை, ஒரு தவறு, இந்த ரெண்டும்தான் காரணம்னு ஓவிட் எழுதினார். கவிதை காதல் கலை பத்தின நூல், தவறு என்னன்னு கடைசிவரைக்கும் சொல்லல, அங்கயே செத்தும் போனார்.

ப்ரோபெர்டியஸ்ங்கற இன்னொரு ரோமானியக் காதல் கவிஞரைக் கொஞ்சம் தள்ளி வைங்க, ஆரம்பத்துல வேண்டாம், இருட்டா எழுதுவார், புராணக் குறிப்பு வரிக்கு வரி வரும். இவரோட கவிதைகளை வச்சு அமெரிக்கக் கவிஞர் எஸ்ரா பவுண்ட் 1919-ல வெளியிட்டது பெரிய சண்டையைக் கெளப்பிச்சு. கிம்ப்ரிங்கற இனத்தோட "மினாஸ்", அதாவது மிரட்டல்கள்னு லத்தீன்ல இருக்கு, பவுண்ட் அதை வேல்ஸ் நாட்டுச் சுரங்கங்கள்னு ஆக்கிட்டார், சத்தம் ஒத்துப்போகுதுல்ல, மைன்ஸ். சிகாகோல இருந்த ஒரு லத்தீன் பேராசிரியர் கொதிச்சுப்போய் எழுதினார். பவுண்ட் நான் மொழிபெயர்க்கவே இல்ல, ஒரு செத்த மனுஷனுக்கு உயிர் குடுத்தேன்ங்கற பக்கத்துல நின்னார். எனக்கு ரெண்டு பேர் மேலயும் மரியாதை உண்டு, ஆனா முதல் தடவ படிக்கறவங்க பவுண்ட்டுல ஆரம்பிச்சா ப்ரோபெர்டியஸ் எங்க முடியறார், பவுண்ட் எங்க ஆரம்பிக்கறார்னு தெரியாது. வின்சென்ட் காட்ஸ் 2004-ல பண்ணினது ரெண்டு மொழியும் இருக்கற பதிப்பு, அதை எடுங்க.

எடுத்ததும் நேரா நாலாவது புத்தகம், ஏழாவது கவிதை. அவரோட காதலி சிந்தியா செத்துட்டா, இப்போதான் எரிச்சு முடிச்சிருக்கு, ராத்திரி அவன் படுக்கைக்கிட்ட வந்து குனிஞ்சு நிக்கறா. அதே கூந்தல், அதே கண்ணு, ஆனா போட்டிருந்த துணி ஒரு பக்கம் கருகியிருக்கு, விரல்ல எப்பவும் போடற மோதிரத்தைத் தீ தின்னிருக்கு, மறதி ஆத்துத் தண்ணி உதட்டைத் தேய்ச்சிருக்கு. அவ பேசறது அப்படியே ஒரு வீட்டுச் சண்டை: அதுக்குள்ள தூங்கிட்டியா, என் சாவுக்கு ஒழுங்கா அழுதியா, காசு பெறாத ரெண்டு பூவைப் போடக்கூட உனக்கு மனசு வரலியா. கடைசில, இப்போ வேற எவளாவது உன்னை வச்சுக்கட்டும், சீக்கிரம் நான் மட்டும்தான், எலும்போட எலும்பு கலந்து தேய்ப்பேன்னு சொல்லிட்டு மறைஞ்சுடறா. அந்தத் "தேய்ப்பேன்" லத்தீன்ல "தேராம்", அரைக்கறதும் அதுதான், உரசறதும் அதுதான். மிரட்டலா, ஆசையான்னு இங்கிலீஷ்ல ஒவ்வொருத்தரும் ஒரு பக்கம் சாஞ்சிருப்பாங்க. ரெண்டும்தான்.

ஒரு பொண்ணோட குரல் வேணும்னா சல்பீசியா. திபுல்லஸ்ங்கற கவிஞரோட நூலோட சேர்ந்து வந்த ஆறு குட்டிக் கவிதை, மொத்தமே 40 வரி. எழுதினது நிஜமாவே ஒரு பொண்ணுதானான்னு சந்தேகப்பட்ட அறிஞர்களும் உண்டு, எனக்கு அந்தச் சந்தேகம் வந்ததில்ல. கடைசிக் கவிதை ஆறு வரி, ஆறும் ஒரே வாக்கியம், சுத்தி சுத்தி வரும்: என் வெளிச்சமே, சில நாள் முன்னாடி வரைக்கும் நான் உனக்கு எவ்வளவு சூடான நினைப்பா இருந்தேனோ அப்படி இனிமே இல்லாமலே போகட்டும், இந்த வயசுல முட்டாள்தனமா நான் செஞ்ச எதுக்காவது இதைவிட அதிகமா வருத்தப்பட்டிருந்தேன்னா, நேத்து ராத்திரி உன்னைத் தனியா விட்டுட்டு வந்துட்டேனே அதைவிட, என் தவிப்பை மறைக்கணும்னு நினைச்சு. பாருங்க, அந்த மறைக்கற பழக்கம் வாக்கியத்துலயே இருக்கு, சொல்ல வந்ததைக் கடைசிவரைக்கும் சொல்லாம இழுக்கறா, கடைசி வரிலதான் உடைக்கறா. இங்கிலீஷ்ல இதை மூணு நாலு வாக்கியமா ஒடைச்சுப் போட்டிருந்தா அந்தப் பக்கத்தை நம்பாதீங்க, ஒரே மூச்சுல விட்டிருந்தா அந்த மொழிபெயர்ப்பாளர் அவளைக் கேட்டிருக்கார்.

வாங்கறதுன்னா, முதல்ல ஆக்ஸ்ஃபோர்டு வரிசைல வந்த கை லீயோட கட்டுல்லஸ், அதுக்குப் பக்கத்துல பீட்டர் க்ரீனோட 2005 பதிப்பு. ரெண்டுலயும் லத்தீன் உண்டு. லீ சொல்லுக்குச் சொல் நெருக்கமா போவார், க்ரீன் சந்தத்தையும் பிடிக்கப் பாப்பார், குறிப்பும் நிறைய. கொஞ்சம் பழகினப்புறம் 1966-ல பெங்குவின்ல வந்த பீட்டர் விகம், அவர் வரியைப் பக்கம் முழுக்கச் செதறி விடுவார், சுதந்திரமா போவார், மூணாவதா படிச்சா அருமையா இருக்கும், முதல்ல படிச்சா வழி தப்பிடும். 1969-ல சுகோஃப்ஸ்கி தம்பதி லத்தீனோட சத்தத்தையே இங்கிலீஷ் வார்த்தைகளால நகல் பண்ணினாங்க, அர்த்தம் பின்னாடி போயிடும், அதை வாய்விட்டுப் படிச்சு அனுபவிக்கலாம். செலவு பண்ண வேண்டாம்னா இணையத்துல ஏ. எஸ். க்லைன் மொழிபெயர்ப்புகள் இலவசமா கெடைக்குது, பெர்சியஸ் நூலகத்துல லத்தீன் மூலத்துல ஒவ்வொரு சொல்லையும் தொட்டா அர்த்தம் வரும்.

முதல் வாரம் கட்டுல்லஸ்ல 85, 5, 70, 72, 51, இந்த அஞ்சு போதும். அஞ்சும் பழகினப்புறம் 11-ஐ எடுங்க, அதுக்கு முன்னாடி வேண்டாம். ஏன்னா 11-ம் 51-ம் மட்டும்தான் அவர் சாஃபோவோட சந்தத்துல எழுதின ரெண்டு கவிதை, ஒண்ணு காதல் ஆரம்பிக்கறது, இன்னொண்ணு முடியறது. ரோமானியக் காது அந்தச் சந்தத்தைக் கேட்ட உடனே பழசை நினைச்சிருக்கும், இங்கிலீஷ்ல அது கேக்காது, யாராவது சொன்னாத்தான் தெரியும். உலகத்தோட கடைசில இருக்கற இந்தியர்கள்கிட்ட, அரேபியர்கள்கிட்ட, நைல் நதிக்கு, ஆல்ப்ஸைத் தாண்டி பிரிட்டன் வரைக்கும் எங்க போனாலும் கூட வர்றோம்னு சொல்ற ரெண்டு நண்பர்கள்கிட்ட, அதெல்லாம் வேண்டாம், என் பொண்ணுகிட்ட போய் நல்லதில்லாத நாலு வார்த்தை சொல்லிட்டு வாங்க, அது போதும்கறார். அவ முன்னூறு பேரோட சந்தோஷமா இருக்கட்டும்னு கேவலமா ரெண்டு வரி. அப்புறம் குரல் அப்படியே இறங்கிடுது, என் காதலை இனிமே எதிர்பாக்க வேண்டாம், அவ தப்பால அது விழுந்துபோச்சு, புல்வெளி ஓரத்துல இருக்கற பூ, தாண்டிப் போற ஏர் பட்டு விழற மாதிரி.

ஏர் அவளாம், பூ அவனாம். அவ வெட்டணும்னு கூட வெட்டல, தாண்டிப் போறா, பட்டுடுது. லத்தீன்ல அந்தப் புல்வெளிங்கற வார்த்தை "ப்ராத்தி" வரியோட கடைசில வருது, ஆனா அதோட கடைசி அசைக்கு அந்த வரில இடம் இல்ல, அளவை மீறித் தொங்குது, அடுத்த வரியோட முதல் வார்த்தையோட போய் ஒட்டிக்குது. அந்த முதல் வார்த்தை "உல்திமி", கடைசி ஓரத்துல இருக்கறன்னு அர்த்தம். ஓரத்துப் பூ வரியோட ஓரத்துலேருந்து வெளில நீட்டிக்கிட்டு இருக்கு, ஏர் வர்ற பக்கம். புத்தகம் கைக்கு வந்ததும் 11-ஆவது கவிதையைத் திறந்து, கடைசிலேருந்து மூணாவது வரியோட முனைல அந்த வார்த்தை இருக்கான்னு பாருங்க, லத்தீன் தெரியாட்டியும் அது கண்ணுக்குத் தெரியும்.